பெயர் சூட்டிய பெருமகன்

முப்பது ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது. வடபுலத்துக் கல்லூரி ஒன்றிலே நான் தாவரவியல் கற்பித்துக்கொண்டிருந்த காலம் அது. மாணவர் ஒவ்வொருவரும் தத்தம் வளவிலுள்ள இருபது செடிகொடிகளின் இலைகளைப் பறித்து, உலர்த்தி, தாளில் ஒட்டி, கீழே தமிழ்ப் பெயரும் இலத்தீன் பெயரும் எழுதிக் கொண்டுவருதல் வேண்டும் என்பது ஆண்டுதோறும் நான் இடும் கட்டளை. அவ்வாண்டு மாணவன் ஒருவன் கொண்டுவந்த தொகுப்பு மற்றெல்லாவற்றினும் அழகியதாக இருந்தது. ஆயின், கறிவேப்பிலையை ஒட்டிய தாளிலே தமிழ்ப் பெயர் மட்டுமே காணப்பட்டது. இலத்தீன் பெயர் எங்கே என்று வினவினேன். அது தனக்குத் தெரியும் என்றும், வேண்டுமென்றே எழுதாது விட்டதாகவும் அவன் அடக்கத்தோடு சொன்னான். தன் பாட்டி நட்டு, தாய் நீரூற்றி வளர்த்த மரத்துக்கு, அதை நடவும் செய்யாத, அதற்கு நீரூற்றவும் செய்யாத வெள்ளைக்காரன் ஒருவனுடைய பெயரைத் தான் ஏன் எழுதவேண்டும் என்பது அவன் கேள்வி.

விதி அப்படி என்றேன். இரண்டு புள்ளிகளைக் குறைத்தேன். அவன் மறுத்துப் பேசாமல் தொகுப்பை வாங்கிக்கொண்டு சென்றுவிட்டான். அன்று மாலை வீட்டுக்குத் திரும்பிச் சோற்றிலே கிடந்த கறிவேப்பிலையை ஒதுக்கிவைத்தபோது, அவன் கேட்டதற்கு நான் விடையே கூறவில்லை என்பது எனக்கு உறைத்தது. விதியைக் காட்டினேனேயன்றி, அவ்விதியை வகுத்தவர் யார், எதற்காக வகுத்தார், ஒரு மனிதனுடைய பெயர் ஓர் இலையின்மேல் ஏறுவதற்கு என்ன நிகழ்ந்திருக்கவேண்டும் என்பவற்றை நானே எண்ணிப்பார்த்ததில்லை. பின்னர் நூல்களைத் தேடிப் படித்தேன். அவ்வாறு படித்ததில் என் உள்ளத்திற் பதிந்தது, சுவீடன் தேசத்துக் கார்ல் லின்னேயஸ் என்னும் பெரியாருடைய வாழ்க்கை.

வாழ்க்கையைச் சொல்லுமுன் இலக்கணத்தைச் சிறிது சொல்லிவிடுகிறேன். உயிரினம் ஒவ்வொன்றுக்கும் அறிவியலில் இரு சொற்களாலான பெயர் உண்டு. முற்சொல் சாதியைக் குறிப்பது. பிற்சொல் அச்சாதிக்குள் இனத்தைச் சுட்டுவது. கறிவேப்பிலைக்கு லின்னேயஸ் 1771இல் இட்ட பெயர் பெர்கெரா கோனிகியி என்பது. பிற்காலத்தார் முற்சொல்லை மர்ரேயா என மாற்றினர். இன்று ஆய்வாளர் பலர் பழைய பெர்கெராவையே மீண்டும் ஏற்றுள்ளனர். பிற்சொல் மட்டும் மாறவில்லை. கோனிக் என்பது ஒருவருடைய குடும்பப் பெயர். அதனை இலத்தீனாக்கினால் கோனிகியுஸ் என்றாகும். அதற்கு நம் இலக்கணத்தின் ஆறாம் வேற்றுமை போன்ற உருபைச் சேர்த்தால் கோனிகியி, அதாவது கோனிக்கினுடைய என்றாகும். பெண்ணாயின் ஈறு வேறுபடும். நம் மலைநாட்டுக்கே உரிய கிளியொன்றின் பெயரில், அதனை ஆராய்ந்த லேயார்ட் என்பவருடைய மனைவியின் தந்தைவழிப் பெயர் பெண்பால் ஈற்றோடு நிற்கின்றது. என் மாணவனை உறுத்தியது இந்த உடையவன் என்னும் பொருள்தான். அவன் தமிழ் இலக்கணமும் நன்கு கற்றவன்.

இனி லின்னேயஸிடம் வருவோம். அவர் 1707ஆம் ஆண்டு மே மாதம் 23ஆம் திகதி, சுவீடனின் தென்பகுதியாகிய ஸ்மோலாந்திலே ரோஷுல்ட் என்னும் சிற்றூரிற் பிறந்தார். தந்தையார் நில்ஸ் என்பவர் கிராமத்துத் திருச்சபைப் போதகர். அந்நாளில் அந்நாட்டுக் குடியானவர்களுக்குக் குடும்பப் பெயர் இல்லை. நம்மவர் தந்தை பெயரைத் தம் பெயரோடு இணைத்து வழங்குதல் போலவே அவர்களும் வழங்கினர். இங்கெமாருடைய மகன் நில்ஸ் என்பதே அவருடைய முழுப்பெயர். அவர் உயர்கல்விக்காக லுண்ட் நகரத்துச் சர்வகலாசாலைக்குச் சென்றபோது பதிவேட்டிலே எழுதக் குடும்பப் பெயர் ஒன்று வேண்டியதாயிற்று. தம் குடும்ப நிலத்திலே ஓங்கி நின்ற முதிய லிண்டன் மரத்தை அவர் நினைத்துக்கொண்டார். அம்மரத்தின் பெயரை இலத்தீனாக்கி லின்னேயஸ் எனத் தமக்குத் தாமே சூட்டிக்கொண்டார். மனிதர் பெயரை மரங்களுக்குச் சூட்டி வாழ்ந்த ஒருவருக்கு, அவருடைய சொந்தப் பெயரே ஒரு மரத்திடமிருந்து வந்தது.

தந்தையார் தோட்டக்கலையில் ஈடுபாடு மிக்கவர். குழந்தை அழுதால் கையிலே ஒரு பூவைக் கொடுப்பார்களாம், அழுகை நின்றுவிடுமாம். சற்று வளர்ந்ததும் சிறுவன் கண்ட செடிக்கெல்லாம் பெயர் கேட்டான். கேட்டதை மறந்து மீண்டும் மீண்டும் கேட்டான். ஒருநாள் தந்தையார் சினந்து, சொன்ன பெயரை நினைவில் வைத்திராவிட்டால் இனி எப்பெயரும் சொல்லித்தரமாட்டேன் என்று கண்டித்துவிட்டார். அன்றுமுதல் பெயர்களை மறவாதிருப்பதே சிறுவனுடைய நோன்பாயிற்று. இந்நிகழ்ச்சியை வாசகர்கள் நினைவில் இருத்திக்கொள்ளல் வேண்டும். இதனிடம் மீண்டும் வரவேண்டியிருக்கிறது.

வெக்ஷோ நகரத்துப் பாடசாலையிலே அவர் சிறந்த மாணவராகத் திகழவில்லை. போதகர் தொழிலுக்கு இவன் உதவான் என்று ஆசிரியர்கள் தந்தையாரிடம் கூறிவிட்டனர். அத்தருணத்தில் ரொத்மன் என்னும் வைத்தியரே கைகொடுத்தார். இவனுக்கு உரியது மருத்துவமும் தாவரவியலும் என்று கூறித் தந்தையாரை இணங்கச் செய்து, தாமே பாடமும் சொல்லிக்கொடுத்தார். ஆசிரியத் தொழிலில் உள்ளவர் இதனைப் படிக்கும்போது சிறிது நிற்பர் என்று நம்புகிறேன். ஒருவனை உதவான் என்று ஒதுக்கிய வாய்களும் ஆசிரியர் வாய்களே. எடுத்து நிறுத்திய கையும் ஓர் ஆசிரியருடைய கைதான்.

1727இல் லுண்டிலும், அடுத்த ஆண்டு உப்சாலாவிலும் அவர் கற்கச் சென்றார். உப்சாலாவில் வறுமை வாட்டியது. பாதணியின் ஓட்டையைத் தாளை மடித்து அடைத்துக்கொண்டு நடந்தார் என்பர். அங்கே தாவரத் தோட்டத்திலே செடிகளை ஆராய்ந்துகொண்டிருந்த இளைஞரை ஒலோப் செல்சியஸ் என்னும் முதிய அறிஞர் கண்டு உரையாடினார். அவருடைய அறிவை வியந்து தம் இல்லத்திலே இடங்கொடுத்தார். பின்னர் ருட்பெக் என்னும் பேராசிரியர் தம் பிள்ளைகளுக்குக் கற்பிக்கும் பணியைத் தந்தார். தோட்டத்திலே செடிகளைக் காட்டி விளக்கும் பொறுப்பையும் 1730இல் அவரிடமே ஒப்படைத்தார். பிற்காலத்தில், மஞ்சட் பூப் பூத்து உயர்ந்து நிற்கும் செடியினம் ஒன்றுக்கு லின்னேயஸ் ருட்பெக்கியா என்று பெயரிட்டார். நெடிய செடி நெடிய மனத்தவருக்கு உரியது என்பது அவர் கருத்து. சோறும் உறைவிடமும் தந்தவருக்குக் கைம்மாறாக ஒன்றும் கொடுக்க இயலாத ஏழை மாணவன், தன்னிடமிருந்த ஒரே செல்வத்தைக் கொடுத்தான்.

1732இல் அவர் தனியராக லாப்லாந்துக்குப் பயணமானார். ஐரோப்பாவின் வடகோடியில் மான் மேய்க்கும் சாமி மக்கள் வாழும் குளிர்நாடு அது. ஐந்து மாதம் சேற்றிலும் பனியிலும் அலைந்து செடிகளைச் சேகரித்தார். அவ்வடபுலக் காடுகளின் நிழலிலே, பாசியோடு பாசியாகப் படர்ந்து, ஒரு காம்பிலே இரட்டையாய் இளஞ்சிவப்பு மணிகளைத் தொங்கவிடும் சிறு கொடி அவர் உள்ளத்தைக் கவர்ந்தது. அதற்குத்தான் பின்னர் ஒல்லாந்து அறிஞர் குரோனோவியஸ் லின்னேயா என்று பெயர் சூட்டினார். ஒருவர் தம் பெயரைத் தாமே ஓர் உயிருக்கு இட்டுக்கொள்ளலாகாது. பிறர் இடவேண்டும் என்பது இத்துறையின் நாகரிகம். தாழ்ந்து, எவர் கண்ணிலும் படாது, சில நாளே மலர்ந்திருக்கும் அக்கொடி தமக்குப் பொருத்தமானதே என்று லின்னேயஸ் எழுதிவைத்தார். ஆயினும் அவர் தன்னடக்கமே உருவானவர் அல்லர். தம் பெருமையைத் தாமே விரித்துரைக்கத் தயங்காதவர். பிற்காலத்தில் பிரபுப் பட்டம் பெற்றபோது அக்கொடியையே தம் குலச் சின்னத்தில் ஏற்றிக்கொண்டார்.

1735இல் ஒல்லாந்து சென்று மருத்துவப் பட்டம் பெற்றார். அவ்வாண்டே லெய்டன் நகரில், இயற்கையின் மூவுலகங்களையும் ஒரு சில பெருந்தாள்களில் வகுத்துக் காட்டும் சிஸ்டமா நாத்துரே என்னும் நூல் வெளிவந்தது. அம்ஸ்ரர்டாமிலே புர்மன் என்னும் பேராசிரியர் வீட்டில் அவர் தங்கியிருந்தார். அங்கே அவர் செய்த உதவி யாதென்றால், புர்மன் எழுதிக்கொண்டிருந்த இலங்கைத் தாவர நூலுக்குத் துணைபுரிந்தமையே. அந்நூல் 1737இல் வெளியாயிற்று. நம் தீவை ஒருநாளும் காணாத லின்னேயஸ், தம் இருபத்தெட்டாவது வயதில் நம் தீவின் இலைகளைத் தொட்டுப் பார்த்துவிட்டார்.

அக்காலத்தில் அவருக்கு நேர்ந்த பேரிழப்பு ஒன்றை ஈண்டுக் கூறாதிருத்தல் இயலாது. உப்சாலாவிலே அவருக்கு உயிர்த்தோழராய் வாய்த்தவர் பீட்டர் ஆர்ட்டெடி. இருவரும் இயற்கையைத் தமக்குள் பங்கிட்டுக்கொண்டனர்; மீன்கள் ஆர்ட்டெடியின் பங்கு. இருவரில் ஒருவர் முந்தி இறப்பின் மற்றவர் அவருடைய ஆய்வை வெளியிடுவது என்று உறுதியும் செய்துகொண்டனர். 1735 செப்ரெம்பரில் ஓர் இரவு, ஆர்ட்டெடி அம்ஸ்ரர்டாம் வாய்க்கால் ஒன்றிலே தவறி வீழ்ந்து இறந்தார். வாடகைப் பாக்கிக்காக வீட்டுக்காரர் கையெழுத்துப் படிகளைத் தரமறுத்தார். லின்னேயஸை ஆதரித்த செல்வர் கிளிபோர்ட் அக்கடனைத் தீர்த்தார். லின்னேயஸ் தம் வேலைகளை ஒதுக்கிவைத்து, நண்பருடைய மீன் நூலை ஒழுங்குசெய்து 1738இல் வெளியிட்டார். ஒரு செடிக்கு ஆர்ட்டெடியா என்றும் பெயரிட்டார். நூலும் பெயரும் ஒருங்கே ஈமக்கடனாக அமைந்தன.

பெயரிடுதல் எப்போதும் அன்பினால் நிகழ்ந்ததன்று. மலர்களுக்கு ஆண் உறுப்பும் பெண் உறுப்பும் உண்டு. அவற்றின் எண்ணிக்கையைக் கொண்டே செடிகளை வகுக்கலாம் என்பது லின்னேயஸ் கண்ட முறை. இது ஒழுக்கக்கேடான கற்பனை என்று பீட்டர்ஸ்பர்க் நகரத்துச் சீகெஸ்பெக் கடுமையாகத் தாக்கினார். பிசுபிசுத்த சுரப்பிகளோடு ஆடையில் ஒட்டும் களையொன்று சீகெஸ்பெக்கியா என்று பெயர் பெற்றிருப்பதைப் பழிவாங்கல் என்றே உலகம் நம்பிவருகிறது. இரண்டாகப் பிளந்த இலையையுடைய மந்தாரைச் சாதிக்குப் பௌகினியா என்று பெயர். பௌகின் என்னும் இரு சகோதரரை அவ்விலை ஒன்றாக்கிக் காட்டுகிறது என்று லின்னேயஸ் மகிழ்ந்தார். தாவரவியலுக்கு உழைத்தவருக்கன்றிப் பிறருக்குச் சாதிப் பெயர் வழங்குதல் தகாது என்பது அவர் 1737இல் எழுதிய விதி. அரசரின் தயவுக்காகவோ பொருளுக்காகவோ அன்றி, உழைப்புக்காகவே இவ்விருது என்று அவர் வரையறுத்தார். அவ்வரையறையைத் தாமே சிற்சில வேளைகளில் நெகிழ்த்தியும் கொண்டார்.

1738இல் தாய்நாடு திரும்பி, அடுத்த ஆண்டு சாரா லீசா என்னும் பெண்ணை மணந்து, 1741இல் உப்சாலாப் பேராசிரியரானார். சில ஆண்டுகளில் டென்மார்க்கிலிருந்து அவருக்கு ஐந்து பெருந்தொகுதிகள் வந்தன. 1672 முதல் சில ஆண்டுகள் இலங்கையில் ஒல்லாந்துக் கம்பனியின் வைத்தியராக இருந்த பவுல் ஹெர்மன் சேர்த்த உலர்ந்த செடிகளும் ஓவியங்களும் அவை. ஹெர்மன் இறந்து அரைநூற்றாண்டு கழிந்தபின், டென்மார்க் அரசரின் மருந்தாளராகிய குந்தர் என்பவர் கைக்கு அவை வந்து, அவரால் லின்னேயஸுக்கு அனுப்பப்பட்டன. செடிகளை யார் சேர்த்தது என்பது அப்போது குந்தருக்குத் தெரியவில்லை. கையெழுத்தையும் செடிகளையும் ஆராய்ந்த லின்னேயஸ் இது ஹெர்மனுடைய உழைப்பு என்று கண்டுகொண்டு, மறைந்தவரின் பெயரை மீட்டுக்கொடுத்தார். அதன் பயனே 1747இல் வெளிவந்த பிளோரா செய்லானிக்கா. அத்தொகுதிகள் இன்று இலண்டன் இயற்கை வரலாற்று நூதனசாலையிலே உள்ளன.

அதுவரை ஒரு செடியின் பெயர் ஒரு வாக்கியமாகவே இருந்தது. தக்காளியைச் சொல்ல, முள்ளில்லாத மென்தண்டும் சிறகுபோல் பிளவுபட்ட இலைகளும் உடைய சொலானம் என்று நீட்டி முழக்கவேண்டும். புதிய செடிகள் வர வர வாக்கியங்களும் நீண்டன. 1753இல் வெளிவந்த ஸ்பீசீஸ் பிளாந்தாரும் என்னும் இரு தொகுதி நூலில், ஏறக்குறைய 6,000 தாவரங்களுக்கு லின்னேயஸ் ஓரத்திலே ஒவ்வொரு சிறு சொல்லைக் குறித்தார். நினைவுக்கு எளிதாய் இருக்கட்டும் என்று செய்த அச்சிறு ஏற்பாடே நிலைத்துவிட்டது. 1758இல் வெளியான சிஸ்டமா நாத்துரேயின் பத்தாம் பதிப்பில் விலங்குகளுக்கும் அதனையே செய்தார். இன்று உலகெங்கும் தாவரங்களின் பெயர்க்கணக்கு முதல் நூலிலிருந்தும், விலங்குகளின் பெயர்க்கணக்கு இரண்டாவதிலிருந்தும் தொடங்குகிறது.

இவ்வாறு பெயரிடுவதற்குச் செடிகள் எங்கிருந்து வந்தன? இங்கேதான் இவ்வாழ்க்கையின் துயரப் பகுதி தொடங்குகிறது. லின்னேயஸ் தம் மாணவரை உலகின் நாற்றிசையும் அனுப்பினார். அவர்களைச் சீடர் என்றே அழைத்தார். 17 பேர் சென்றனர் என்பர், எழுவர் மீளவில்லை. முதலிற் சென்ற தேர்ன்ஸ்ட்ரோம் மனைவி மக்களையுடைய போதகர். சீனம் நோக்கிச் சென்ற அவர் 1746இல் வியட்நாமியக் கரைக்கப்பால் உள்ள ஒரு தீவிலே காய்ச்சலால் இறந்தார். விதவையானவள் தன் பிள்ளைகளின் தந்தையைப் பறித்தவர் லின்னேயஸே என்று நொந்துரைத்தாள். அதன்பின் மணமாகாதவரையே அனுப்புவது என்று லின்னேயஸ் முடிவுசெய்தார். அனுப்புவதை நிறுத்தவில்லை.

நோய்வாய்ப்பட்ட உடம்போடு பலஸ்தீனம் சென்ற ஹாசல்கிவிஸ்ட் 1752இல் சிமிர்னா நகரருகே மாண்டார். அவருடைய கடனுக்காகச் சேகரிப்புகள் பிடித்துவைக்கப்பட்டன. சுவீடன் அரசியார் பணம் கொடுத்து மீட்டார். லேவ்லிங் 1756இல் வெனிசுவேலாவிலே இறந்தார். போர்ஸ்கோல் 1763இல் யெமன் நாட்டிலே மலைக்காய்ச்சலுக்கு இரையானார். ஒவ்வொரு செய்தி வந்தபோதும் லின்னேயஸ் அழுதார். மாண்டவருடைய குறிப்புகளைத் தேடிப் பெற்று நூலாக்கினார். ஒரு செடியைத் தேர்ந்து பெயரிட்டார். போர்ஸ்கோல் பிடிவாதமும் அஞ்சாமையும் மிக்கவர். கொண்ட பிடியை விடாது ஒட்டும் ஒரு செடிக்கு அவர் பெயர் கிடைத்தது. தேர்ன்ஸ்ட்ரோமின் பெயர் லின்னேயஸின் மகன் பின்னாளில் வெளியிட்ட நூலிலேதான் ஒரு மரச்சாதியில் ஏறியது. மீண்டு வந்தவருள் ஒஸ்பெக் ஒருவர். நம் நாட்டில் சிங்கள மக்கள் போவிட்டியா என்று அழைத்து மருந்துக்குப் பயன்படுத்தும் செடி, ஒஸ்பெக்கியா என்னும் சாதியைச் சேர்ந்தது.

இவர்களைப் போலவே லின்னேயஸிடம் கற்றவர்தான் கோனிக். பால்டிக் கரையிலுள்ள லிவோனியாவிலே 1728இல் பிறந்தவர்; லின்னேயஸிடம் கற்றபின் டென்மார்க்குச் சென்றார். 1764இல் ஐஸ்லாந்துக்குப் போய்ச் செடிகளைத் திரட்டினார். அங்கே ஈர மண்ணிலே விரலளவும் உயராது முளைத்து, ஒரே கோடையில் பூத்து மடியும் சிறு பூண்டொன்றுக்கு லின்னேயஸ் 1767இல் கோனிகியா என்று பெயரிட்டார். அடுத்த ஆண்டே கோனிக் தரங்கம்பாடிக்கு வந்து சேர்ந்தார். டென்மார்க்கின் ஆட்சியில் இருந்த அச்சோழநாட்டுத் துறையிலே மிஷன் வைத்தியராகப் பணியாற்றினார். பின்னர் ஆற்காட்டு நவாப்பிடத்தும், 1778 முதல் ஆங்கிலக் கம்பனியிடத்தும் இயற்கை ஆய்வாளராக இருந்தார். சீயத்துக்கும் மலாக்காவுக்கும் சென்றார். நம் இலங்கைக்கும் வந்து செடி தேடினார். 1785இல் ஆந்திரக் கரையிலே இறந்தார். தாய்நாட்டை அவர் மீண்டும் காணவில்லை. தமிழ்நாட்டுச் செடிகள் லின்னேயஸின் மேசைக்குச் சென்ற வழி அவர்தான். 1771இல் கறிவேப்பிலைக்கு அவர் பெயர் இடப்பட்டபோது, அவர் வெயிலில் நடந்துகொண்டிருந்தார்.

இவ்வளவையும் அறிந்தபின் என் மாணவனுடைய கேள்வி மறைந்துவிட்டதா என்றால், இல்லை. முன்னிலும் கூர்மையாயிற்று. ஹெர்மன் நம் தீவின் செடிகளுக்குச் சிங்களப் பெயர்களையும் கேட்டுக் கேட்டு எழுதிவைத்தார். லின்னேயஸின் நூலிலும் அவை எடுத்தாளப்பட்டுள்ளன. காட்டு வழி காட்டி, இலையை முகர்ந்து பெயர் சொல்லி, இன்ன நோய்க்கு இன்ன பங்கு என்று விளக்கியவர்களுக்கு ஹெர்மனுக்குக் கிடைத்தது போன்ற செடிப்பெயர் கிடைக்கவில்லை. கிரேக்கமும் இலத்தீனும் அல்லாத மொழிச் சொற்களைச் சாதிப் பெயராக்குதல் கூடாது என்றும் லின்னேயஸ் விதித்தார். மனித இனத்தை அவர் கண்டம் வாரியாக வகுத்த பகுதியோ இன்று படிப்பவரை நாணச் செய்வது. ஐரோப்பியருக்கு அறிவையும், ஆசியருக்கும் ஆபிரிக்கருக்கும் இழிகுணங்களையும் அவர் பங்கிட்டார். பெருமகனுடைய கண்ணும் தன் காலத்தின் புகையால் மங்கியிருந்தது.

எனினும் ஒரு விலக்கு உண்டு. தென்னமெரிக்காவின் சூரினாமிலே, ஆபிரிக்காவிலிருந்து அடிமையாகக் கொண்டுவரப்பட்ட குவாசி என்பவர், கசப்பான ஒரு மரத்தால் காய்ச்சல் தீர்த்துப் புகழ்பெற்றார். அம்மரம் தம்மிடம் வந்தபோது லின்னேயஸ் அதற்குக் குவாசியா என்றே பெயரிட்டார். வேந்தருக்கும் கிடைத்தற்கரியது என்று அவர் கருதிய விருது, விலைக்கு விற்கப்பட்ட ஒரு மனிதனுக்குக் கிடைத்தது. செய்ய முடிந்தது அது. பலருக்குச் செய்யப்படவில்லை என்பதை அந்த ஒரு பெயரே எடுத்துக்காட்டுகிறது.

லின்னேயஸின் இறுதிக் காலம் இரக்கத்துக்குரியது. 1774இல் ஒருமுறையும் 1776இல் மறுமுறையும் வாதநோய் அவரைத் தாக்கியது. நடை போயிற்று; பேச்சுக் குழறியது; நினைவு ஒவ்வொன்றாய் உதிர்ந்தது. தாம் எழுதிய நூல்களையே முன்னால் விரித்துவைத்தால், இவற்றை எழுதியவர் எத்துணை அறிவாளி என்று வியந்து மகிழ்வாராம். தாம்தான் எழுதியவர் என்பது தெரியாதாம். ஈற்றில் தம் பெயரே அவருக்கு நினைவில்லை என்று வரலாறு எழுதியோர் கூறுவர். பெயரை மறந்தால் இனிச் சொல்லித்தரமாட்டேன் என்று தந்தையார் கண்டித்த சிறுவனை இங்கே நினைத்துக்கொள்கிறேன். ஆயிரக்கணக்கான உயிர்களின் பெயரைச் சுமந்த உள்ளம், லிண்டன் மரத்திடம் பெற்ற ஒரு பெயரை இறக்கிவைத்துவிட்டது. 1778 ஜனவரி 10ஆம் திகதி அவர் உயிர்நீத்தார். உப்சாலாப் பேராலயத்திலே அடக்கம் செய்யப்பட்டார். அவருடைய மகனும் 1783இல் இறக்க, சேகரிப்புகளை ஆங்கில இளைஞர் ஜேம்ஸ் எட்வர்ட் ஸ்மித் அடுத்த ஆண்டு விலைக்கு வாங்கி இலண்டனுக்குக் கொண்டுசென்றார். 1788இல் அங்கே தோன்றிய இயற்கை ஆய்வுக் கழகம் லின்னேயஸ் பெயரையே தாங்கியது.

இனி ஆறாம் வேற்றுமைக்கு வருகிறேன். அதன் பொருள் கிழமை என்று நாம் கற்பிக்கிறோம். சாத்தனது கை என்பது தற்கிழமை. சாத்தனது வீடு என்பது பிறிதின்கிழமை. கபிலரது பாட்டு என்று சொன்னால், பாட்டைக் கபிலர் பெட்டியிலே பூட்டி வைத்திருக்கிறார் என்று எவரும் கொள்வதில்லை. கோனிக்கினுடைய இலை என்பதை என் மாணவன் சாத்தனது வீடு போலக் கொண்டான். நானும் அன்று வேறுவிதமாகக் கொள்ளவில்லை. உண்மையில் அது கடன்பட்டவர் எழுதிக்கொடுத்த சீட்டு. வெயிலிலும் காய்ச்சலிலும் அலைந்த ஒரு மாணவனுக்கு ஓர் ஆசிரியர் தாம் பட்ட கடனை ஒப்புக்கொண்டு இட்ட கையொப்பம். அச்சீட்டிலே எழுதப்படாத கடன்களும் உண்டு என்பதைத்தான் அந்த மாணவன், சொல்லத் தெரியாமல், சொன்னான்.

அவன் இப்போது எங்கிருக்கிறான் என்று அறியேன். கலவர ஆண்டுகளில் எங்கள் மாணவர் பலர் பல தேசங்களுக்குச் சிதறிப்போயினர். எங்கேனும் குளிர்நாட்டில் இருந்து இதனைப் படிப்பானாயின், அவனுக்கு நான் இரண்டு புள்ளிகள் தரவேண்டியிருக்கிறது. தந்துவிட்டு, அவன் தாளை மீண்டும் கொண்டுவரச் சொல்வேன். முதல் வரியிலே கறிவேப்பிலை என்ற பெயர் அவன் எழுதியபடியே இருக்கட்டும். அதன்கீழ் கோனிக்கினுடைய பெயரை இப்போது எழுதச் சொல்வேன். மறுக்கமாட்டான் என்று நம்புகிறேன். அதற்குக் கீழே, அம்மரத்தை நட்ட பாட்டியின் பெயரையும், நீரூற்றிய தாயின் பெயரையும் எழுதச் சொல்வேன். எந்த விதிநூலும் அதனைக் கேட்காது. எனினும் அவர்களுக்குப் பட்ட கடனை நாம் எழுதாவிட்டால் வேறு யார் எழுதுவார்?